சாதிப் பிரிவில் மட்டும் விடுதலை: மேல்முறையீடு செய்ய இன்னும் 43 நாள் இருக்கிறது

கேள்வி: ஐயா, நாங்கள் தென் மாவட்டம் ஒன்றில் கண்மாய்ப் பாசன ஊரைச் சேர்ந்த பட்டியல் சாதிக் குடும்பம். 2019-ல் மடைத் தண்ணீர் முறை பற்றி என் அண்ணன் கேட்டதற்காக, பஸ் ஸ்டாப் எதிரே டீக்கடை வாசலில் வைத்து மூன்று பேர் சாதியைச் சொல்லித் திட்டி, மண்வெட்டிக் கணையால் அடித்தார்கள். அண்ணனின் இடது கை எலும்பு முறிந்தது. வன்கொடுமை வழக்குகளை விசாரிக்கும் பி.சி.ஆர். கோர்ட்டில் 47 நாளுக்கு முன் தீர்ப்பு வந்தது. அடித்ததற்காக முதல் எதிரிக்கு, அதாவது முதலாவதாகக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு, ஒரு வருடச் சிறை, மற்ற இருவருக்கு அபராதம். வன்கொடுமைத் தடுப்புச் சட்டப் பிரிவுகள் எல்லாவற்றிலும் மூவரும் விடுதலை. பொதுமக்கள் பார்வையில் நடந்ததாக நிரூபிக்கவில்லை, சாட்சிகள் எல்லாம் உறவினர்கள், தகராறுக்குக் காரணம் தண்ணீர்தான் என்று தீர்ப்பில் இருக்கிறதாம். டீக்கடைக்காரர் முதலில் சொன்னதை மாற்றிச் சொல்லிப் பிறழ்சாட்சி ஆகிவிட்டார். முதல் எதிரி அன்று சாயங்காலமே ஊருக்கு வந்துவிட்டார். வெடி போட்டார்கள். "தண்டனைதான் கிடைச்சிருச்சே, இதோட விடுங்க" என்கிறார் அரசு வழக்கறிஞர். சமாதானம் பேச ஆள் வருகிறது. அண்ணன் யாரிடமும் பேசுவதில்லை. நாங்கள் அப்பீல் போக முடியுமா? போனால் இருக்கிற தண்டனையும் போய்விடுமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் நாள் கணக்கு. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 14ஏ பிரிவின்படி, சிறப்பு நீதிமன்றத் தீர்ப்பின் மீது 90 நாளுக்குள் உயர்நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும். நீங்கள் எழுதிய அன்றைக்கு 47 நாள் போய்விட்டது. மிச்சம் 43. தாமதத்துக்குத் தக்க காரணம் சொன்னால் 90 நாளுக்குப் பிறகும் நீதிமன்றம் ஏற்கலாம். ஆனால் 180 நாளைத் தாண்டினால் ஏற்கவே கூடாது என்று அதே பிரிவில் எழுதியிருக்கிறது. அலகாபாத் உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு 2018-ல் அந்த 180 நாள் கட்டு செல்லாது என்று சொன்னது உண்மைதான். அதை நம்பி நீங்கள் உட்கார்ந்திருக்க வேண்டாம். தாமத மனு, அதற்கு எதிர்மனு, அதன் மேல் வாதம் என்று அதற்கே மாதங்கள் ஓடிவிடும், உங்கள் வழக்கை யாரும் திறந்துகூடப் பார்த்திருக்க மாட்டார்கள்.

ஆகவே இந்தக் கடிதத்தை முழுக்கப் படிக்கும் முன்பே ஒரு வேலை செய்யுங்கள். தீர்ப்பின் கடைசிப் பக்கம் மட்டும் வாட்ஸ்அப்பில் வந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். அது போதாது. நாளைக் காலையே கோர்ட்டுக்குப் போய் நகல் மனு போடுங்கள். தீர்ப்பு, எல்லாச் சாட்சிகளின் வாக்குமூலம், குறுக்கு விசாரணை, குற்றச்சாட்டு வனைந்த தாள், சான்றாவணங்கள் எல்லாவற்றுக்கும் சான்றிட்ட நகல் கேளுங்கள். மனு எண்ணையும் தேதியையும் குறித்து வையுங்கள். நகல் தயாராக எடுக்கும் நாளைக் கணக்கில் கழித்துக்கொள்ளலாம் என்பது பொது விதி. ஆனால் நகல் மனுவே போடாமல் இருந்த நாளை யாரும் கழித்துத் தர மாட்டார்கள்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். அப்பீல் போகலாம். அரசு வழக்கறிஞர் சொல்வதைக் கேட்டு விட்டுவிடாதீர்கள். "தண்டனை கிடைத்துவிட்டது" என்று அவர் சொல்வது எலும்பு முறிந்ததற்கு மட்டும்தான் பொருந்தும். சாதியைச் சொல்லி இழிவுபடுத்திய குற்றத்தில் மூன்று பேரும் விடுதலை ஆகியிருக்கிறார்கள். ஒரே தாளில் எழுதியிருந்தாலும் அந்த விடுதலை தனி. அதை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமை, பாதிக்கப்பட்டவர் என்ற முறையில், உங்கள் அண்ணனுக்கே உண்டு.

இந்த உரிமை எவ்வளவு புதியது என்பதைச் சொல்லியாக வேண்டும். கீழ்வெண்மணியில் 1968 டிசம்பர் 25 இரவு 44 பேர் எரிந்து செத்தார்கள். நாகப்பட்டினம் நீதிமன்றம் நிலக்கிழாரையும் சிலரையும் தண்டித்தது. அவர்கள் அப்பீல் போனார்கள். வசதி படைத்த நிலவுடைமையாளர்கள் தாங்களே நேரில் நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லை என்று சொல்லி உயர்நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்கள் தங்கள் பெயரில் மேல்முறையீடு செய்ய அன்று குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் ஒரு வரிகூட இல்லை. அந்த வரி நடைமுறைக்கு வந்தது 2009-ன் கடைசி நாளில்தான். பழைய சட்டத்தில் 372-ஆம் பிரிவின் வரம்புரை, இப்போதைய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 413. எதிரியை விடுவித்தாலும், குறைவான குற்றத்துக்குத் தண்டித்தாலும், இழப்பீடு போதாமல் கொடுத்தாலும் பாதிக்கப்பட்டவர் மேல்முறையீடு செய்யலாம். உங்கள் வழக்கில் 14ஏ-யையும் இதையும் சேர்த்தே போட வேண்டும்.

அரசு மேல்முறையீடு செய்வதென்றால் கோப்பு நகர வேண்டும், அரசின் உத்தரவு வேண்டும், அப்புறம் உயர்நீதிமன்றத்தின் அனுமதியும் வேண்டும். உங்களுக்கு அந்த அனுமதி தேவையில்லை. மல்லிகார்ஜுன் கொடகலி வழக்கில் 2018 அக்டோபரில் உச்சநீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. அரசும் அப்பீல் போக வேண்டும் என்று ஆட்சியருக்கும் எஸ்.பி.க்கும் ஒரு மனு கொடுத்து வையுங்கள், தவறில்லை. ஆனால் அவர்கள் போவார்களா என்று காத்திருக்காதீர்கள். அரசு அப்பீல் போகும் என்று நம்பி இருந்துவிட்டு இருநூறாவது நாளில் என்னிடம் வந்த ஒரு குடும்பம் உண்டு. அவர்கள் கையிலிருந்த தாள்கள் நல்ல தாள்கள். அந்த வருத்தம் எனக்கு இன்னும் தீரவில்லை.

"இருக்கிற தண்டனையும் போய்விடுமா" என்ற பயம் புரிகிறது. உங்கள் அப்பீலால் அது போகாது. நீங்கள் எதிர்ப்பது விடுதலையை மட்டும்தான். அந்தத் தண்டனையைப் போக்கக்கூடியது எதிரிகள் போடும் அப்பீல். அதை அவர்கள் எப்படியும் போடத்தான் போகிறார்கள், ஒருவேளை இந்நேரம் போட்டிருப்பார்கள். முதல் எதிரி அன்று சாயங்காலமே ஊருக்கு வந்ததற்கும் அதுதான் காரணம். ஜாமீனில் இருந்த ஒருவருக்கு மூன்று வருடத்துக்கு மேற்படாத தண்டனை கொடுத்தால், அப்பீல் போட அவகாசம் தந்து விசாரணை நீதிமன்றமே ஜாமீனில் விடும். அவருடைய தண்டனை ரத்தாகவில்லை, தள்ளி நிற்கிறது. வெடிச் சத்தத்தைக் கேட்டு அண்ணன் வேறு மாதிரி நினைத்திருந்தால் இதை முதலில் அவரிடம் சொல்லுங்கள்.

எதிரிகளின் அப்பீலில் உங்களுக்கும் இடமுண்டு. 2016 ஜனவரி 26 முதல் நடைமுறையில் உள்ள 15ஏ பிரிவின்படி, ஜாமீன் உட்பட எந்த நடவடிக்கை என்றாலும் பாதிக்கப்பட்டவருக்கு முன்கூட்டியே தகவல் தர வேண்டும், ஜாமீன், தண்டனை தொடர்பாக அவர் சொல்வதையும் கேட்க வேண்டும். இது சும்மா சடங்கல்ல, கட்டாயம் என்று ஹரிராம் பாம்பி வழக்கில் 2021-ல் உச்சநீதிமன்றம் சொல்லி, பாதிக்கப்பட்டவருக்குத் தெரியாமல் கொடுத்த ஜாமீனையே ரத்து செய்தது. போலீஸ் ஸ்டேஷனிலிருந்து நோட்டீஸ் என்று கையெழுத்து வாங்க வந்தால், வாங்கி அலமாரியில் வைத்துவிடாதீர்கள். அதிலுள்ள தேதிக்கு உங்கள் தரப்பில் ஒரு வழக்கறிஞர் எழுந்து நிற்க வேண்டும். இரண்டு அப்பீலையும் ஒன்றாக விசாரிக்கக் கேட்டுக்கொள்ளவும் செய்யலாம்.

சரி, ஜெயிக்குமா? இதில் உங்களுக்கு ஆசை காட்ட விரும்பவில்லை. விடுதலையை எதிர்த்த அப்பீல் மேட்டில் வண்டி ஏற்றுவது போல. குற்றம் நிரூபிக்கப்படும் வரை ஒருவர் நிரபராதி, கீழ் நீதிமன்றமும் விடுவித்துவிட்டால் அந்த அனுமானம் இரட்டிப்பாகிறது என்பது 2007-ல் சந்திரப்பா வழக்கிலிருந்து தொடர்ந்து சொல்லப்படும் விதி. அதே சாட்சியத்தை இரண்டு விதமாகப் பார்க்க முடியும் என்றால், எதிரிக்குச் சாதகமான பார்வையை உயர்நீதிமன்றம் கலைக்காது. "நீதிபதி எங்களை நம்பவில்லை" என்று மட்டும் எழுதினால் அப்பீல் நிற்காது. சட்டத்தைத் தவறாகப் படித்திருக்கிறார், அல்லது பதிவான சாட்சியத்தைப் பார்க்காமல் விட்டிருக்கிறார் என்று காட்ட வேண்டும். நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால், இரண்டுக்குமே உங்கள் வழக்கில் இடமிருக்கிறது.

"சாட்சிகள் உறவினர்கள், ஆகவே பொதுமக்கள் பார்வை இல்லை" என்ற காரணத்தை எடுத்துக்கொள்வோம். வேண்டுமென்றே இழிவுபடுத்துவதற்கான 3(1)(ஆர்), சாதிப் பெயரைச் சொல்லித் திட்டுவதற்கான 3(1)(எஸ்) இரண்டு பிரிவுகளும் கேட்பது, பொதுமக்கள் பார்வைக்கு உட்பட்ட எந்த இடத்திலும் நடந்திருக்க வேண்டும் என்பதை. 2008-ல் ஸ்வரண் சிங் வழக்கில் உச்சநீதிமன்றம் இதை விளக்கியது. வீட்டுக்கு வெளியே புல்தரையில் நடந்து, தெருவில் போகிறவர் கண்ணில் படும்படி இருந்தால் அது பொதுமக்கள் பார்வைதான். கட்டடத்துக்குள்ளே நடந்தால், உறவினர் நண்பர் அல்லாத வெளியாட்கள் யாராவது அங்கே இருந்திருக்க வேண்டும். கவனியுங்கள், உறவினர் பேச்சு வருவது கட்டடத்துக்குள் நடந்த சம்பவத்தைப் பற்றி. நான்கு சுவருக்குள் நடந்ததால் 2020-ல் ஹிதேஷ் வர்மா வழக்கும், லால்குடிப் பக்கம் அலுவலக அறைக்குள் நடந்ததால் 2025-ல் கருப்புடையார் வழக்கும் எதிரிகளுக்குச் சாதகமாகப் போயின. எதிர்த்தரப்பு வக்கீல் இந்த இரண்டையும் கட்டாயம் காட்டுவார். ஆனால் பஸ் ஸ்டாப் எதிரே உள்ள டீக்கடை வாசலுக்கு எந்தச் சுவர் இருக்கிறது? அறைக்குள் நடந்ததற்கான அளவுகோலை ரோட்டுக்குக் கொண்டுவந்து அளந்திருந்தால், அது சட்டப் பிழை. சம்பவ இடத்தைப் பார்த்து போலீஸ் எழுதிய பார்வை மகஜரும் வரைபடமும் இதற்கு உதவும். பஸ் ஸ்டாப் எத்தனை அடியில் என்று அதில் இருக்கிறதா பாருங்கள்.

டீக்கடைக்காரர் பிறழ்ந்துவிட்டார் என்று மனம் விடாதீர்கள். அவர் கோர்ட்டில் சொன்னதாக நீங்கள் கடிதத்தின் கீழே எழுதியிருக்கும் வரியை இரண்டு முறை படித்தேன்: கடை திறந்திருந்தது, வாசலில் சண்டை நடந்தது, கூட்டம் கூடியது, என்ன பேசினார்கள் என்று காதில் விழவில்லை. பிறழ்சாட்சி சொன்னது முழுவதையும் அழித்துவிட வேண்டும் என்று சட்டத்தில் இல்லை, ஏற்கத்தக்க பகுதியை எடுத்துக்கொள்ளலாம். கூட்டம் இருந்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். பொதுமக்கள் பார்வை என்பதற்கு இதைவிட நடுநிலையான சாட்சி எங்கே கிடைக்கும்? பேசிய வார்த்தைக்கு உங்கள் அண்ணன் இருக்கிறார். ஓர் உண்மையை நிரூபிக்க இத்தனை சாட்சி வேண்டும் என்று சாட்சியச் சட்டம் எண்ணிக்கை வைக்கவில்லை. அடிபட்ட ஒருவர் சொல்வதை நம்பி எலும்பு முறிவுக்குத் தண்டித்த நீதிமன்றம், அதே நிமிடத்தில் அதே வாயால் சொன்ன இன்னொன்றை ஏன் நம்பவில்லை என்று விளக்கியிருக்க வேண்டும். தீர்ப்பில் அந்த விளக்கம் இருக்கிறதா என்று தேடுங்கள்.

எனக்கு மிக நம்பிக்கை தருவது மூன்றாவது பிரிவு, 3(2)(விஏ). இதைப் பலர் கண்டுகொள்வதே இல்லை. சட்டத்தின் அட்டவணையில் இந்திய தண்டனைச் சட்டத்தின் 323 (காயம்), 324 (ஆயுதத்தால் காயம்), 325 (கொடுங்காயம்), 506 (மிரட்டல்) போன்ற பிரிவுகள் இருக்கின்றன. பட்டியல் சாதியைச் சேர்ந்தவர் என்று தெரிந்தே ஒருவர் மீது அந்தக் குற்றங்களில் ஒன்றைச் செய்தால், அந்த அடியே வன்கொடுமைக் குற்றமாகிறது. திட்டினார்களா, யார் கேட்டார்கள், பொதுமக்கள் பார்வையா என்பதெல்லாம் இந்தப் பிரிவுக்கு வேண்டியதில்லை. தகராறின் காரணம் தண்ணீரா நிலமா என்பதும் இதன் வாசகத்தில் இல்லை. "தெரிந்தே" என்பதுதான் சொல். ஒரே ஊர்க்காரர்களுக்கு அது தெரியாதா? அதற்கும் 8(சி) பிரிவு வழி செய்திருக்கிறது. பாதிக்கப்பட்டவரையோ அவர் குடும்பத்தையோ எதிரி நேரடியாக அறிந்தவர் என்றால், சாதியும் தெரியும் என்றே நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும், இல்லை என்று காட்டுவது எதிரியின் பாடு. உங்கள் வழக்கில் 325-லும் 323-லும் தண்டனை வந்துவிட்டது. அடித்தது நிரூபணம். தெரிந்திருந்தது அனுமானம். மிச்சம் என்ன இருக்கிறது? தண்ணீர்த் தகராறு என்ற காரணத்தைச் சொல்லி இந்தப் பிரிவிலும் விடுவித்திருந்தால், மேல்முறையீட்டின் முதல் காரணமாக இதைத்தான் எழுதச் சொல்வேன்.

ஆனால் இரண்டு விஷயத்தை நகல் வந்ததும் பார்த்துவிட வேண்டும். ஒன்று, 3(2)(விஏ)-ல் குற்றச்சாட்டு முறையாக வனையப்பட்டதா என்பது. இன்னொன்று, அண்ணனின் சாதிச் சான்றோடு எதிரிகளின் சாதிச் சான்றும் தாசில்தார் மூலம் சான்றாவணமாகக் குறியீடு செய்யப்பட்டதா என்பது. பட்டியல் சாதி, பழங்குடி அல்லாதவர் செய்தால்தான் இந்தச் சட்டம் பொருந்தும். அந்த ஒரு தாள் இல்லாமல் விழுந்த வழக்குகள் இருக்கின்றன.

இன்னொன்றையும் பார்க்க வேண்டும், அது சொல்லக் கஷ்டமானது. அண்ணனின் வாக்குமூலத்தில் அவர்கள் பேசிய சொற்கள் அப்படியே பதிவாகியிருக்கின்றனவா, அல்லது "சாதிப் பெயரைச் சொல்லித் திட்டினார்கள்" என்று மட்டும் இருக்கிறதா? எங்கள் ஆட்களே பல பேர் கூண்டில் ஏறி நின்றதும் அந்தச் சொல்லை வாய்விட்டுச் சொல்லத் தயங்குவார்கள். அடித்தவன் எதிரே நிற்கும்போது, நிறைந்த கோர்ட்டில், தன்னை நொறுக்கிய வார்த்தையைத் தானே திருப்பிச் சொல்வது இன்னொரு அடி. அதனால் பொதுவாகச் சொல்லிவிட்டு இறங்கிவிடுவார்கள். பிறகு அந்தப் பொதுவான வரியையே குறையாகக் காட்டுவார்கள். அப்படி நடந்திருந்தால் 3(1)(எஸ்) பலவீனமாகும், மேல்முறையீட்டில் புதிதாகச் சொல் சேர்க்க முடியாது. புகாரிலும் போலீஸ் விசாரணை வாக்குமூலத்திலும் அந்தச் சொற்கள் இருந்தால் ஓரளவு கைகொடுக்கும். எப்படியானாலும் அண்ணனைக் குறை சொல்லிவிடாதீர்கள். ஆஸ்பத்திரியின் ஏ.ஆர். (விபத்து) பதிவேட்டில் சாதிப் பேச்சு இல்லை என்று அவர்கள் வாதிட்டால் அதற்குப் பயப்பட வேண்டியதில்லை. காயம் எப்படி வந்தது என்று டாக்டர் எழுதுவதற்கான ஏடு அது, புகார் அல்ல.

தண்டனையைக் கூட்டச் சொல்லி அப்பீல் போக முடியுமா என்று ஒரு கேள்வி உங்கள் மனத்தில் இருக்கும். பாதிக்கப்பட்டவர் அதற்காக மட்டும் மேல்முறையீடு செய்ய முடியாது என்று 2020-ல் உச்சநீதிமன்றம் சொல்லியிருக்கிறது, அது அரசின் கையில். ஆனால் சாதிப் பிரிவில் குற்றவாளி என்று முடிவானால் 3(1)-க்குக் குறைந்தது ஆறு மாதம், அதிகபட்சம் ஐந்து வருடம் என்று தனித் தண்டனை வரும். அபராதத்தோடு தப்பிய மற்ற இருவருக்கும் இது பொருந்தும்.

எவ்வளவு காலம் ஆகும்? மூன்று மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடப்பில் வருடங்கள் ஆகும். வாச்சாத்தி வழக்கில் 1992-ல் நடந்த கொடுமைக்கு 2011-ல் தருமபுரி நீதிமன்றம் உயிரோடு இருந்த 215 பேரையும் தண்டித்தது. அவர்களின் அப்பீல்கள் தள்ளுபடியானது 2023 செப்டம்பரில். பன்னிரண்டு வருடம். அந்த அப்பீலுக்காக உயர்நீதிமன்ற நீதிபதி வேல்முருகன் வாச்சாத்திக்கே நேரில் போய்ப் பார்த்தார். கோகுல்ராஜ் கொலை வழக்கின் அப்பீலிலும் இரண்டு நீதிபதிகள் திருச்செங்கோடு கோயிலுக்குப் போய்க் கேமரா இருந்த இடத்தைப் பார்த்தார்கள். அதிலும் முக்கியமான சாட்சி பிறழ்ந்தவர்தான். ஆனாலும் 2023 ஜூனில் தண்டனை நிலைத்தது. 14ஏ-யில் "சங்கதிகள் மீதும் சட்டத்தின் மீதும்" மேல்முறையீடு என்று எழுதியிருப்பதற்கு இதுதான் பொருள். உயர்நீதிமன்றம் சாட்சியத்தை முதலிலிருந்து படிக்கும். படிக்கச் சொல்லி எடுத்துக் கொடுக்க ஆள் வேண்டும்.

செலவுக்கு அஞ்ச வேண்டாம். பட்டியல் சாதியினர் என்றாலே, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவசச் சட்ட உதவி உண்டு. மதுரைக் கிளையில் உள்ள உயர்நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவில் மனு கொடுத்தால் வழக்கறிஞர் நியமிப்பார்கள். உங்களுக்குத் தெரிந்த, இந்த வழக்குகள் நடத்திப் பழகிய ஒருவர் இருந்தால் அவரிடமே போங்கள்.

சமாதானம் பேச வருகிறவர்களிடம் நீங்கள் பதில் சொல்ல வேண்டியதே இல்லை. எந்த வெள்ளைத் தாளிலும் அண்ணன் கையெழுத்துப் போடக் கூடாது. வன்கொடுமைச் சட்டப் பிரிவுகளை ஊருக்குள் பேசி முடிக்க முடியாது. 2021-ல் ராமவதார் வழக்கில், சமரசத்தை ஏற்று இப்படிப்பட்ட வழக்கை ரத்து செய்ய உயர்நீதிமன்றத்துக்கும் உச்சநீதிமன்றத்துக்கும் அதிகாரம் உண்டு என்று சொன்னார்கள். ஆனால் பாதிக்கப்பட்டவர் மிரட்டலோ நெருக்கடியோ இல்லாமல் தானாக விரும்புகிறாரா என்று நீதிமன்றம் பார்க்க வேண்டும் என்பதும் அதில் இருக்கிறது. உங்கள் அண்ணனுக்கு மனதார விருப்பம் என்றால் அது அவர் முடிவு, அதை நான் மதிப்பேன். தண்ணீர் விடமாட்டோம், வேலைக்குக் கூப்பிடமாட்டோம் என்ற பேச்சோடு வருவது சமாதானம் அல்ல. அப்படிப் பேசினால் தேதி, நேரம், ஆள் பெயரோடு நோட்டில் எழுதி வைத்து, டி.எஸ்.பி.க்கும் ஆட்சியருக்கும் எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். சாட்சிகளுக்கும் பாதிக்கப்பட்டவருக்கும் பாதுகாப்புத் தருவது 15ஏ-யின் கீழ் அரசின் கடமை.

கடைசியாக அண்ணனைப் பற்றி. மேல்முறையீடு அவர் பெயரில் போவதுதான் நல்லது, அதற்கு வக்காலத்தில் அவர் கையெழுத்து வேண்டும். தங்கை நீங்கள் எவ்வளவு ஓடினாலும் அடிபட்டவர் அவர்தான். தீர்ப்பு வந்த அன்று தான் தோற்றுவிட்டதாக அவர் நினைத்திருக்கக்கூடும். நகல்கள் வந்ததும், அவர் கோர்ட்டில் சொன்ன வாக்குமூலத்தை எடுத்து, டீக்கடைக்காரர் வாக்குமூலத்துக்குப் பக்கத்தில் வைத்து, அவரைப் படிக்கச் சொல்லுங்கள். படித்துவிட்டு அவர் என்ன சொல்கிறார் என்பதை எனக்கு எழுதுங்கள். நகல் மனு எண்ணையும் சேர்த்து எழுதுங்கள்.